பாப் ராஸ் ஓவியம் ஏன் இப்போது கோடிகளில் விலை போகிறது?

2025 நவம்பரில் லாஸ் ஏஞ்சலஸ் நகரில் போன்ஹாம்ஸ் ஏல நிறுவனம் மூன்று இயற்கைக் காட்சி ஓவியங்களை ஏலம் விட்டது. மூன்றும் சேர்ந்து சுமார் 6,62,000 டாலருக்குப் போயின. அதில் ‘விண்டர்ஸ் பீஸ்’ என்ற பனிக்கால ஓவியம் மட்டும் 3,18,000 டாலர், நம் பணத்தில் இரண்டே முக்கால் கோடி ரூபாய்க்கு மேல். வரைந்தவர் பாப் ராஸ். யூடியூபில் கூடை மாதிரி சுருள்முடியும் தாடியுமாக, இடது கையில் நிறம் கலக்கும் பெரிய பலகையான பேலட்டைத் தாங்கிக்கொண்டு, தூங்கும் குழந்தையை எழுப்பிவிடக் கூடாது என்பது போன்ற குரலில் “இங்கே ஒரு சின்ன சந்தோஷ மரம் இருக்கட்டும்” என்று சொல்லிக்கொண்டே வரைவாரே, அவரேதான்.

இந்தச் செய்தியைப் படித்தவர்களுக்கு வரும் குழப்பம் நியாயமானது. அதை மூன்று கேள்விகளாகப் பிரித்துக்கொள்ளலாம்.

1. அரை மணி நேரத்தில் வரைந்த படம், அதுவும் “இதை நீங்களும் வரையலாம்” என்று அவரே வாய் ஓயாமல் சொன்ன படம், இந்த விலைக்கு எப்படிப் போகும்?
2. ஆயிரக்கணக்கில் வரைந்த ஒருவரின் படம் சந்தையில் ஏன் இத்தனை அபூர்வம்?
3. அவருக்கு ஒரு மகன் இருக்கிறார், அவரும் ஓவியர். அப்படியிருக்க ராஸ் என்ற பெயர் யார் கையில் இருக்கிறது, இந்த ஏலப் பணம் யாருக்குப் போகிறது?

மூன்றுக்கும் பதில் ஒரே இடத்திலிருந்துதான் தொடங்குகிறது. ராஸ் செய்த வேலை ஓவியம் விற்பது அல்ல, வகுப்பு எடுப்பது. வாத்தியார் வகுப்பை முடித்துவிட்டுப் போன பிறகு கரும்பலகையில் மிஞ்சியிருப்பது எதுவோ, அந்த மாதிரிதான் அந்தப் படங்கள் அவருக்கு. இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படித்தால் மற்றதெல்லாம் பிடிபடும்.

விமானப்படையிலிருந்து தூரிகைக்கு

ராபர்ட் நார்மன் ராஸ் 1942 அக்டோபர் 29-ல் ஃபுளோரிடா மாநிலத்தின் டேடோனா பீச்சில் பிறந்தார், வளர்ந்தது ஒர்லாண்டோவில். அப்பா தச்சர், அம்மா உணவகத்தில் பரிமாறும் வேலை. ஒன்பதாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு அப்பாவோடு தச்சு வேலைக்குப் போனார். அந்த வேலையில்தான் இடது கை ஆள்காட்டி விரலின் நுனி போனது. பிற்காலத்தில் உலகமே பார்த்த அந்த பேலட்டை அவர் பிடித்திருந்தது அதே கையில்தான்.

1961-ல், 18 வயதில், அமெரிக்க விமானப்படையில் சேர்ந்தார். விமானம் ஓட்ட அல்ல, மருத்துவப் பதிவேடுகளைப் பராமரிக்கும் பிரிவில். அலாஸ்காவில் உள்ள ஈல்சன் தளத்துக்கு மாற்றல் ஆனது. தட்டையான, வெயில் கொளுத்தும் ஃபுளோரிடாவைத் தவிர வேறொன்றும் பார்த்திராத பையன் பனியையும் பனிமலையையும் முதன்முதலாகப் பார்த்தது அங்கேதான். பிறகு அவர் வரைந்ததில் பெரும்பகுதி அந்த நிலத்தைத்தான்.

படிப்படியாக உயர்ந்து மாஸ்டர் சார்ஜென்ட் ஆனார். அது அடுத்தவரைக் கத்தி வேலை வாங்க வேண்டிய பதவி. அதை விட்டு வெளியே வந்தால் இனி யாரிடமும் சத்தம் போடுவதில்லை என்று முடிவு செய்ததாக அவரே பின்னால் சொன்னார். அந்த மெல்லிய குரல் அப்படி வந்தது.

ஓவிய ஆர்வத்தில் ஆங்கரேஜ் நகரில் படைவீரர்களுக்காக நடந்த வகுப்பு ஒன்றில் சேர்ந்தார். அங்கே அவருக்கு ஒரு குறை: ஒரு மரம் எதனால் மரமாகிறது என்று பேசினார்களே தவிர, மரத்தை எப்படி வரைவது என்று யாரும் காட்டவில்லை. அவருடைய வாழ்நாள் வேலை முழுக்க இந்தக் குறைக்கான பதில்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

அப்புறம், பகுதிநேரமாக மதுக்கடையில் வேலை செய்துகொண்டிருந்தபோது அங்கிருந்த டிவியில் வில்லியம் அலெக்சாண்டரைப் பார்த்தார். ஜெர்மனியில் பிறந்து வட அமெரிக்காவுக்கு வந்த இந்த ஓவியர், 1974 முதல் பொதுத் தொலைக்காட்சியில் அரை மணி நேரத்தில் ஓர் ஆயில் பெயிண்டிங்கை முடித்துக் காட்டிக்கொண்டிருந்தார். ராஸ் அந்த முறையைக் கற்றுக்கொண்டார். தங்கம் சலிக்கும் தட்டுகளில் அலாஸ்கா காட்சிகளை வரைந்து விற்க ஆரம்பித்தார், இருபது ஆண்டு சேவை முடிந்ததும் 1981-ல் படையை விட்டு வெளியே வந்தார். அலெக்சாண்டரிடம் பயிற்சி பெற்று, அவருடைய நிறுவனத்தின் ஊர் ஊராகப் போகும் ஆசிரியரானார்.

ஈரத்தின் மேல் ஈரம்: அரை மணியில் எப்படி முடிகிறது

இது புரியாவிட்டால் ராஸ் ஏதோ வித்தை காட்டுகிறார் என்றுதான் தோன்றும். ஆயில் பெயிண்ட் தண்ணீர் வற்றுவது போலக் காய்வதில்லை. அதில் உள்ள எண்ணெய் காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து மெல்ல இறுகுகிறது, அதற்கு நாள்கணக்காகும், சில நேரம் வாரக்கணக்கும் ஆகும். வழக்கமான முறையில் ஒரு அடுக்கு காய்ந்த பிறகுதான் அடுத்த அடுக்கு. காயும் வரை காத்திருக்காமல் ஈரத்தின் மேலேயே வரைவது ‘அல்லா ப்ரிமா’ என்ற பழைய ஐரோப்பிய முறை, இம்ப்ரெஷனிஸ்ட் ஓவியர்கள் நிறையவே பயன்படுத்தியது. அலெக்சாண்டரும் ராஸும் அதை யாரும் பின்பற்றக்கூடிய ஒரு சமையல் குறிப்பு மாதிரி ஆக்கினார்கள். அது வேலை செய்யும் விதம் இப்படி:

1. முதலில் அடித்தளம். பெரும்பாலும் 18-க்கு 24 அங்குல கேன்வாஸ் முழுக்க ‘லிக்விட் ஒயிட்’ என்ற தளர்வான வெள்ளையை மெல்லப் பூசிவிடுவார். கோலம் போடுமுன் வாசல் தெளிக்கிறோமே, அந்த மாதிரி முன்வேலை இது. ஆனால் இங்கே நோக்கம் மாவு ஒட்டுவதற்கல்ல, மேலே வரும் நிறம் வழுக்கிக்கொண்டு போய் வெள்ளையோடு கலப்பதற்கு. வானத்தில் நீலம் மேலே அடர்ந்தும் கீழே வெளிறியும் தானாக வருவது இதனால்தான்.

2. அடுத்தது கெட்டி, தளர்வு விதி. கெட்டியான பெயிண்டின் மேல் தளர்வான பெயிண்ட் ஒட்டும். சம அளவு கெட்டியாக இருந்தால் இரண்டும் குழம்பிச் சேறாகிவிடும். அவர் தன் டிவி நிகழ்ச்சியில் திரும்பத் திரும்பச் சொன்ன விதி இதுதான், வீட்டில் முயற்சி செய்பவர்கள் பெரும்பாலும் சறுக்குவதும் இங்கேதான்.

3. வரைவது பின்னாலிருந்து முன்னால். முதலில் வானம், பிறகு மேகம், மலை, தூரத்து மரங்கள், நீர், கரையோரப் புதர். கடைசி ஐந்து நிமிடத்தில், பார்ப்பவர் வயிற்றில் புளியைக் கரைக்கிற மாதிரி, நன்றாக வந்துவிட்ட படத்தின் குறுக்கே ஒரு பெரிய கறுத்த மரத்தை இழுத்துவிடுவார். ஐயோ கெடுத்துவிட்டாரே என்று நினைக்கும்போது அந்த மரத்தால்தான் பின்னால் உள்ளதெல்லாம் தூரமாகத் தெரிய ஆரம்பிக்கும்.

4. கருவிகள் பெரியவை. சுவருக்கு வண்ணம் அடிப்பது போன்ற இரண்டு அங்குல பிரஷ், விசிறி பிரஷ், கத்தி. இலை இலையாக வரைய மாட்டார், பிரஷ் முனையால் தட்டினால் அங்கே ஒரு கிளையளவு இலை விழும்.

மலைமேல் பனி வரும் இடத்தைக் கொஞ்சம் நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். பேலட்டில் வெள்ளையைத் தட்டையாக வழித்து, கத்தியின் விளிம்பில் ஒரு சிறு உருளையாக எடுத்துக்கொள்வார். அதைக் கறுத்த மலையின் உச்சியில் வைத்து, அழுத்தாமல், கத்தியின் எடை மட்டும் படும்படி கீழ்நோக்கி இழுப்பார். கேன்வாஸின் துணி சொரசொரப்பானது, மேடான இழைகளில் வெள்ளை ஒட்டும், பள்ளங்களில் ஒட்டாது. பெயிண்ட் அங்கங்கே அறுந்து அறுந்து விழும். அந்த அறுந்த இடங்கள்தான் கண்ணுக்குப் பாறையாகத் தெரிகின்றன. பாறையை அவர் வரையவே இல்லை. கொஞ்சம் அழுத்தினால் போதும், மலை வெள்ளையடித்த சுவராகிவிடும்.

அவருடைய புகழ்பெற்ற வாக்கு ஒன்று: நாம் தவறு செய்வதில்லை, சந்தோஷமான விபத்துகள்தான் நடக்கின்றன. ஆறுதல் வார்த்தையாகவே இதை எல்லோரும் பகிர்கிறார்கள், ஆனால் அது தொழில்நுட்ப உண்மையும்கூட. எல்லாம் ஈரமாக இருக்கும்போது தவறி விழுந்த தீற்றலைப் புதராக மாற்றலாம், பாறையாக்கலாம், பறவையாக்கலாம். நிலக்காட்சி மன்னிக்கும், கிளை நாலு அங்குலம் தள்ளிப் போனால் யாருக்குத் தெரியப்போகிறது? மனித முகத்தில் கண் நாலு மில்லிமீட்டர் தள்ளிப் போனால் போச்சு. ராஸ் படங்களில் மனிதர்களே ஏறக்குறைய இல்லாததற்கு இதுவும் ஒரு காரணம் என்பது என் கருத்து. 2014-ல் ஃபைவ்தர்ட்டிஎய்ட் என்ற புள்ளிவிவரச் செய்தித் தளம் நிகழ்ச்சியில் அவரே வரைந்த 381 படங்களை எண்ணிப் பார்த்தது: 91 சதவீதத்தில் குறைந்தது ஒரு மரம், 39 சதவீதத்தில் குறைந்தது ஒரு மலை. தொடங்குபவருக்குத் தோல்வி வராத பாடத்திட்டம் அது.

ஆக, முதல் கேள்விக்குப் பாதி பதில் வந்துவிட்டது. ‘அரை மணியில் வரைந்தது’ என்பது குறையல்ல. வரைபவரின் வேகம் அல்ல அங்கே முக்கியம், அந்த அரை மணிக்குள் முடியும்படி முறையையே வடிவமைத்ததுதான்.

ஒரு அத்தியாயம், மூன்று படம்

ராஸின் டிவி நிகழ்ச்சியான ‘தி ஜாய் ஆஃப் பெயிண்டிங்’ 1983 ஜனவரி 11-ல் தொடங்கி 1994 மே 17 வரை ஒளிபரப்பானது. 31 பருவங்கள், பருவத்துக்கு 13 வீதம் 403 அத்தியாயங்கள். முதல் பருவம் வர்ஜீனியாவில் எடுக்கப்பட்டது, அதன் பிறகு இண்டியானா மாநிலத்தின் மன்சி என்ற சிறிய ஊரில், ஒரு பழைய வீட்டுக்குள் இருந்த டபிள்யூஐபிபி தொலைக்காட்சி நிலையத்தில். ஒரு பருவத்தின் 13 அத்தியாயங்களையும் இரண்டு மூன்று நாளில் எடுத்து முடித்துவிடுவார்கள். பின்னால் கறுப்புத் திரை, முன்னால் கேன்வாஸைத் தாங்கும் ஈசல் சட்டம், அவ்வளவுதான் அரங்கம்.

ஒவ்வொரு அத்தியாயத்துக்கும் ஒரே படத்தை மூன்று முறை வரைந்தார். ஒன்று முன்கூட்டியே, படப்பிடிப்பின்போது கேமராவுக்கு வெளியே வைத்துப் பார்த்துக்கொள்ள. இரண்டாவது நாம் பார்ப்பது. மூன்றாவது பிறகு நிதானமாக, பாடப்புத்தகத்துக்குப் படி படியாகப் புகைப்படம் எடுக்க. அப்படியானால் நிகழ்ச்சிக்காக மட்டும் ஆயிரத்துக்கு மேல் வரைந்திருக்கிறார். அவை எங்கே? 2019-ல் நியூயார்க் டைம்ஸ் விசாரித்தபோது 1,165 படங்கள் வர்ஜீனியாவின் ஹெர்ண்டனில் பாப் ராஸ் நிறுவனத்தின் சாதாரண அலுவலகக் கட்டடத்தில், அட்டைப் பெட்டிகளில் இருந்தன. நிறுவனம் அவற்றை விற்கவில்லை. சில படங்களை ராஸ் பொதுத் தொலைக்காட்சி நிலையங்களுக்கு நிதி திரட்டக் கொடுத்திருந்தார், வெளியே போனவற்றில் ஒரு பங்கு அப்படிப் போனவைதான். முதல் அத்தியாயத்தில் வரைந்த படமும் அப்படி ஒரு நிலையத்தின் ஏலத்தில் விற்றதுதான், 2023-ல் மினியாபோலிஸ் ஓவியக்கூடம் ஒன்று அதற்கு 98,50,000 டாலர் விலை சொன்னது.

இரண்டாம் கேள்விக்குப் பதில் இதுதான். படங்கள் குறைவல்ல, வெளியே வந்தவைதான் குறைவு.

காசு எங்கிருந்து வந்தது

நிகழ்ச்சி ஒளிபரப்பான பிபிஎஸ் என்ற பொதுத் தொலைக்காட்சி நம் தூர்தர்ஷன் மாதிரி அரசு நேரடியாக நடத்தும் சேனல் அல்ல. லாபநோக்கம் இல்லாத உள்ளூர் நிலையங்கள் சேர்ந்த வலைப்பின்னல், நேயர்களின் நன்கொடை, கொஞ்சம் அரசு மானியம் என்று ஓடுவது. அந்த நிலையங்களுக்கு நிகழ்ச்சி இலவசமாகவே கொடுக்கப்பட்டது, ராஸ் அதற்குச் சம்பளம் வாங்கவில்லை. வருமானம் பெயிண்ட், பிரஷ், புத்தகம், நேரடி வகுப்பு இவற்றிலிருந்து வந்தது. நிகழ்ச்சிதான் அவற்றுக்கு விளம்பரம்.

இந்த ஏற்பாட்டுக்குப் பின்னால் இருந்தவர்கள் ஆனெட் கோவால்ஸ்கி, அவர் கணவர் வால்ட். மூத்த மகனை விபத்தில் பறிகொடுத்த துக்கத்தில் இருந்த ஆனெட், அலெக்சாண்டரிடம் கற்க விரும்பினார். அவர் கிடைக்காததால் 1982-ல் ஃபுளோரிடாவின் க்ளியர்வாட்டரில் ராஸின் வகுப்புக்குப் போனார். அந்தக் குரலில் ஏதோ இருக்கிறது என்று பிடித்துக்கொண்டவர் அவர்தான். இரண்டு குடும்பமும் சேமிப்பைப் போட்டு நிறுவனம் தொடங்கின. ஆரம்பத்தில் கையைக் கடித்தது, முடிவெட்டும் காசை மிச்சம் பிடிக்கத்தான் ராஸ் தலைமுடியைச் சுருளாக்கிக்கொண்டார். பின்னால் அவருக்கே அது அலுத்துப்போனாலும் மாற்ற முடியவில்லை, அந்தத் தலை நிறுவனத்தின் சின்னமாகிவிட்டிருந்தது.

அலெக்சாண்டருக்கு இதில் மனவருத்தம் இருந்தது. தன் சீடன் தன்னை மிஞ்சிப் போட்டியாளராகிவிட்டதை அவர் வெளிப்படையாகவே குறை சொன்னார். அந்த வருத்தத்தில் நியாயம் உண்டு. ராஸோ நிகழ்ச்சியில் குருவின் பெயரைச் சொல்லி, இது அவர் தந்த பரிசு என்று நன்றி சொல்லியிருக்கிறார். முறை குருவுடையது. ஆனால் “உன்னால் முடியும்” என்று ஒரே ஒரு ஆளிடம் பேசுவது போலப் பேசும் அந்த விதம் சீடனுடையது.

இரண்டாம் பருவத்தில் ஒரு அத்தியாயம் இதற்குச் சாட்சி. நிறக்குருடு உள்ள ஒருவர் அவரிடம் வந்து, எனக்குச் சாம்பல் நிறங்கள்தான் தெரியும், என்னால் எப்படி வரைய முடியும் என்று கேட்டிருக்கிறார். ராஸ் அந்த அத்தியாயம் முழுவதையும் சாம்பல் நிறத்திலேயே வரைந்தார். பனிக்காடு, மங்கிய மலை, எல்லாம் சாம்பலின் ஏற்ற இறக்கங்கள் மட்டும். வெளிச்சமும் இருட்டும் சரியாக விழுந்தால் படம் நிற்கும், நிறம் அப்புறம்தான் என்ற பெரிய பாடத்தை ஒரு நேயருக்காக எடுத்த வகுப்பில் சொல்லிவிட்டுப் போகிறார். அவருடைய 403-ல் ஒன்று மட்டும் பார்க்க நேரம் இருந்தால் நான் இதைத்தான் சொல்வேன்.

பெயர் யாருடையது

ஒரு கலைஞர் இறந்ததும் எல்லாம் பிள்ளைகளுக்குப் போகும் என்று நாம் நினைக்கிறோம். சட்டத்தில் அது தனித்தனிச் சொத்து:

1. கேன்வாஸ். கையில் வைத்திருப்பவருக்கு, அல்லது ஒப்பந்தப்படி நிறுவனத்துக்கு.
2. பதிப்புரிமை. படத்தையும் நிகழ்ச்சியையும் நகலெடுத்து விற்கும் உரிமை.
3. வணிகச் சின்னம். பெயிண்ட் டப்பாவில் பெயரைப் போடும் உரிமை.
4. பெயரையும் முகத்தையும் வியாபாரத்துக்குப் பயன்படுத்தும் உரிமை. ஃபுளோரிடா சட்டப்படி இது இறந்த பிறகும் 40 ஆண்டுகள் நிற்கும், உயில் எழுதி வைக்கலாம்.

நிறுவனத்தில் நான்கு சம பங்காளிகள்: ராஸ், அவர் மனைவி ஜேன், கோவால்ஸ்கி தம்பதி. 1992-ல் ஜேன் புற்றுநோயால் இறந்தார், அவருடைய பங்கு பிரிந்ததும் கோவால்ஸ்கிகளின் கை ஓங்கியது. ராஸுக்கும் லிம்ஃபோமா என்ற புற்றுநோய் வந்தது. தன் பெயரின் உரிமையைத் அம்மா ஒருவரே, அப்பா வேறு என்ற முறையில் சகோதரரான ஜிம்மி காக்ஸுக்கும் மகன் ஸ்டீவுக்கும் எழுதிவைத்துவிட்டு 1995 ஜூலை 4-ல், 52 வயதில் இறந்தார். வழக்கு வந்தது, 1997-ல் காக்ஸ் நிறுவனத்தோடு சமரசம் செய்துகொண்டார். 2017-ல் ஸ்டீவ் தரப்பு மறுபடி வழக்குப் போட்டது. 2019-ல் வர்ஜீனியாவில் உள்ள கூட்டாட்சி நீதிமன்றம் நிறுவனத்தின் பக்கம் தீர்ப்பளித்தது. உயிரோடு இருந்தபோதே ராஸ் அந்த உரிமையை நிறுவனத்துக்குக் கொடுத்துவிட்டார் என்றால் பிறகு உயிலில் எழுத என்ன மிச்சம் இருக்கும் என்பதுதான் விஷயத்தின் கரு. 2021-ல் நெட்ஃபிளிக்ஸ் ஆவணப்படம் மகனின் தரப்பைச் சொன்னது, நிறுவனம் அது ஒருதலைப்பட்சம் என்று மறுத்தது.

சட்டப்படி சரி. ஆனால் கடைசி நாட்களில் உடல் தளர்ந்த நிலையில் ஒருவர் தன் பெயரைத் தன் மகனுக்கு விட்டுப்போக நினைத்து, அது நடக்காமல் போனது எனக்கு உறுத்துகிறது. அதே சமயம், இருபது ஆண்டுகள் அந்தப் பெயரை மங்கவிடாமல் காத்ததும் அதே நிறுவனம்தான் என்பதையும் மறைக்க முடியாது. ஸ்டீவ் 2019-ல் இண்டியானாவில் மறுபடி வகுப்பு எடுக்கத் தொடங்கினார்.

இறந்த பிறகு சேர்ந்த கூட்டம், இப்போதைய ஏலம்

2015 அக்டோபர் 29-ல், அவருடைய பிறந்தநாளில், ட்விட்ச் என்ற நேரலை வீடியோ தளம் 403 அத்தியாயங்களையும் தொடர்ச்சியாக ஒளிபரப்பியது, பார்த்தவர்கள் 56 லட்சம் பேர். அவர் இறந்த பிறகு பிறந்தவர்கள் அதில் ஏராளம். யூடியூபில் நிகழ்ச்சி இலவசமாகவே கிடைக்கிறது. 2019-ல் ஸ்மித்ஸோனியன் அருங்காட்சியகம் அவருடைய சில படங்களையும் பொருள்களையும் சேர்த்துக்கொண்டது. மன்சியில் படப்பிடிப்பு நடந்த அந்த வீடு 2020 அக்டோபரில் பார்வையாளர்களுக்குத் திறக்கப்பட்டது. இத்தனை பேர் ஆசைப்படும் பொருள், வெளியே வந்ததோ கொஞ்சம்: விலை ஏறுவதற்கு வேறு காரணம் தேவையில்லை.

சரி, ஏன் இப்போது? 2025 ஜூலையில் அமெரிக்க நாடாளுமன்றம் பொது ஒலிபரப்புக்கு ஒதுக்கியிருந்த 110 கோடி டாலரைத் திரும்பப் பெற்றது. அந்தப் பணத்தை நிலையங்களுக்குப் பகிர்ந்துகொண்டிருந்த கழகம் கடையைக் கட்டுவதாக அறிவித்தது. பெரிய நகர நிலையங்கள் நன்கொடையில் சமாளிக்கும், ஆனால் மன்சி மாதிரி சிறிய ஊர் நிலையங்களுக்கு நிகழ்ச்சி வாங்கும் கட்டணமே பாரம். இதற்காக ராஸின் 30 ஓவியங்களை ஏலம் விட முடிவானது. அதற்கு ஏற்பாடு செய்தது அவருடைய நிகழ்ச்சியை விநியோகிக்கும் அமெரிக்கன் பப்ளிக் டெலிவிஷன் என்ற லாபநோக்கற்ற அமைப்பு. நவம்பரில் போன மூன்றும் அந்த முப்பதில் முதல் தவணை. வரும் பணம் நிலையங்கள் கல்வி நிகழ்ச்சிகளுக்குக் கட்டும் கட்டணத்துக்குப் போகிறது, அந்த நிகழ்ச்சிகளில் ராஸின் வகுப்பும் உண்டு.

‘விண்டர்ஸ் பீஸ்’ 1993-ல் அவர் நிகழ்ச்சியில் வரைந்த படம். வெள்ளைக் கேன்வாஸிலிருந்து சிவப்பில் ‘ராஸ்’ என்று கையெழுத்துப் போடும் வரை அந்த அரை மணி நேரமும் பதிவாகியிருக்கிறது.